மெஜந்தா: சண்டை நடந்த ஊரின் பெயர் சேலைக்கு வந்த கதை!

கலரில் அச்சாகும் பத்திரிகை எதையாவது எடுத்து, பக்கத்தின் ஓரத்தை உற்றுப் பாருங்கள். பல பத்திரிகைகளில் அங்கே நான்கு சிறு புள்ளிகள் இருக்கும்.

ஒன்று நீலம். ஒன்று மஞ்சள். ஒன்று கறுப்பு.

நாலாவது?

அந்த நாலாவது புள்ளிக்குப் பெயர் சொல்லுவதில் எங்கள் வீட்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பெரிய வழக்கே வந்துவிட்டது.

"அப்பா, இது ரோஸ்தானே?" என்று கேட்டாள் என் மகள். இரண்டாம் வகுப்புப் படிக்கிறாள்.

"ரோஸ் இல்லடி கண்ணு. இது ராணி கலர். எனக்குத் தலைதீபாவளிக்கு எடுத்த சேலை இந்த நிறம்தான்" என்றார் என் தாயார்.

"என்ன ராணி, என்ன ராஜா? வாடாமல்லிப் பூ நிறம் என்று சொன்னால் ஆயிற்று" என்றார் என் தகப்பனார்.

"கடையிலே இதை மெஜந்தான்னுதான் சொல்லுவாங்க, அத்தை" என்றாள் என் மனைவி.

நான்கு பேர். நான்கு பெயர். புள்ளி ஒன்றுதான்.

என்னைத் தீர்ப்புச் சொல்லச் சொன்னார்கள். நான் மனைவியின் பக்கம் சாய்ந்தேன். (ஏன் என்று கலியாணம் ஆனவர்களுக்குச் சொல்லத் தேவை இல்லை.) மகள் விடவில்லை. "மெஜந்தான்னா என்னப்பா அர்த்தம்?" என்றாள்.

எனக்குத் தெரியவில்லை. தேடிப் பார்த்தேன். கிடைத்த விடையை அந்தக் குழந்தையிடம் எப்படிச் சொல்லுவது என்று சற்றுத் தயங்கினேன்.

மெஜந்தா என்பது ஓர் ஊர். ஆயிரக்கணக்கான சிப்பாய்கள் செத்தும் காயப்பட்டும் விழுந்த ஊர்.

ஒரே நாள் சண்டை

இத்தாலி நாட்டில் மிலான் என்று ஒரு பெரிய நகரம் இருக்கிறது. அதற்கு மேற்கே சுமார் 25 கிலோமீட்டர் தூரத்தில் உள்ள சிறு ஊர்தான் மெஜந்தா. இத்தாலியர்கள் அதை "மஜென்டா" என்பார்கள். நம் ஜவுளிக் கடைகளில் அது மெஜந்தா ஆகிவிட்டது.

1859-ம் ஆண்டு. அப்போது இத்தாலி ஒரே நாடாக இல்லை. மிலானும் அதைச் சுற்றியுள்ள சீமையும் ஆஸ்திரியாவின் ஆட்சியில் இருந்தன. அந்த ஆட்சியை விரட்ட வேண்டும் என்று சார்டினியா அரசர் இரண்டாம் விக்டர் இமானுவேல் புறப்பட்டார். பிரான்சு சக்கரவர்த்தி மூன்றாம் நெப்போலியன் அவருக்குத் துணையாகப் பட்டாளத்தோடு வந்தார்.

ஜூன் மாதம் 4-ந் தேதி இரு படைகளும் மெஜந்தாவில் மோதின. ஊருக்கு அருகே ஒரு பெரிய கால்வாய் ஓடுகிறது. அதன் பாலங்களில் சண்டை. ரெயில் நிலையத்தைச் சுற்றிச் சண்டை. பிறகு வீடு வீடாகச் சண்டை. இருட்டுகிற நேரத்தில் ஆஸ்திரியப் படை பின்வாங்கியது.

நான்கு நாள் கழித்து, ஜூன் 8-ந் தேதி, பிரான்சு சக்கரவர்த்தியும் சார்டினியா அரசரும் மிலான் நகருக்குள் நுழைந்தார்கள். சண்டையில் பெயர் எடுத்த தளபதி மக்மாஹோனுக்கு "மெஜந்தா பிரபு" என்று பட்டம் கிடைத்தது. அவர் 1873-ல் பிரான்சு நாட்டின் ஜனாதிபதியாகவும் ஆனார்.

சண்டை அத்துடன் ஓயவில்லை. 20 நாள் கழித்து, ஜூன் 24-ந் தேதி, சால்பெரினோ என்ற இடத்தில் அதைவிடப் பெரிய சண்டை நடந்தது. காயம்பட்ட சிப்பாய்கள் தண்ணீர் கொடுக்கவும் ஆள் இல்லாமல் கிடந்தார்கள். வேறு வேலையாக அந்தப் பக்கம் வந்த ஒரு சுவிட்சர்லாந்து வியாபாரி அதைக் கண்டார். அவர் பெயர் ஆன்ரி துனான். அந்தக் காட்சியை அவரால் மறக்க முடியவில்லை. அதைப் புத்தகமாக எழுதினார். அதன் பயனாக 1863-ல் பிறந்ததுதான் செஞ்சிலுவைச் சங்கம். 1901-ல் முதன்முதலாக நோபல் சமாதானப் பரிசு கொடுத்தபோது, அதைப் பெற்ற இருவரில் துனானும் ஒருவர்.

சரி, இதற்கும் நிறத்துக்கும் என்ன சம்பந்தம்?

தாருக்குள் ஒளிந்திருந்த நிறம்

அதற்கு மூன்று ஆண்டு பின்னால் போக வேண்டும்.

அதுவரை உலகத்தில் சிவப்புச் சாயம் வேண்டும் என்றால் செடியையும் பூச்சியையும்தான் நம்பி இருந்தார்கள். நம் சோழமண்டலக் கரையில் சாயவேர் இருந்தது. வடக்கே மஞ்சிட்டி. மரத்தில் பூச்சி கட்டும் அரக்கு. மெக்சிகோ நாட்டில் கள்ளிச் செடியில் வளரும் ஒரு சிறு பூச்சியைக் காய வைத்து அரைத்தார்கள். அந்தப் பொடி ஒரு பவுண்டு வேண்டும் என்றால் சுமார் 70 ஆயிரம் பூச்சிகள் வேண்டும். ஆகவே நல்ல சிவப்பு என்பது பணக்காரர்களின் நிறம்.

1856-ல் லண்டனில் ஒரு மாணவன் இருந்தான். பெயர் வில்லியம் பெர்க்கின். வயது 18. மலேரியாக் காய்ச்சலுக்குக் கொடுக்கும் கொயினா மருந்தைச் செயற்கையாகச் செய்ய முடியுமா என்று வீட்டில் சோதனை செய்தான். மருந்து வரவில்லை. கன்னங்கரேல் என்று ஒரு கசண்டு வந்தது. அதைக் கொட்டி இருந்தால் கதை முடிந்திருக்கும். அவன் கொட்டவில்லை. சாராயத்தில் கரைத்துப் பார்த்தான். அழகான ஊதா நிறம்! பட்டில் தோய்த்தான். துவைத்தாலும் போகவில்லை. உலகத்தில் பெரிய அளவில் விற்பனைக்கு வந்த முதல் செயற்கைச் சாயம் அதுதான்.

அந்தச் சாயம் எதிலிருந்து வந்தது தெரியுமா? தாரிலிருந்து! அந்தக் காலத்தில் தெரு விளக்கு எரிக்க நிலக்கரியைச் சுட்டு வாயு எடுப்பார்கள். மிச்சம் நிற்கும் பிசுபிசுப்பான கறுப்புக் குழம்புதான் தார். யாருக்கும் வேண்டாத பொருள். அதில் உள்ள சரக்கைக் கொண்டு 'அனிலின்' என்ற எண்ணெய் செய்யலாம். அந்த எண்ணெயில் இருந்துதான் பெர்க்கின் ஊதாவை எடுத்தான்.

செய்தி பரவியது. ஐரோப்பா முழுவதும் ரசாயனம் படித்தவர்கள் அனிலினைக் காய்ச்சத் தொடங்கினார்கள். உப்பைப் போடு, அமிலத்தை விடு, என்ன நிறம் வருகிறது பார் என்று ஒரே பரபரப்பு!

பிரான்சில் லியோன் என்ற நகரம் பட்டுக்குப் பெயர் போனது. நம் காஞ்சீபுரம் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். அங்கே வெர்கேன் என்ற ரசாயன நிபுணர் இருந்தார். அவர் அனிலினோடு வெள்ளீய உப்பு ஒன்றைச் சேர்த்துக் காய்ச்சினார். குழம்பு கறுத்தது. பிறகு சிவந்தது. வெறும் சிவப்பு அல்ல. ரோஜாவும் ஊதாவும் கலந்தாற்போல் கண்ணைப் பறிக்கும் சிவப்பு.

வெர்கேன் அந்த முறையை லியோனில் சாயப்பட்டறை வைத்திருந்த ரெனார் சகோதரர்களிடம் கொடுத்தார். அவர்கள் 1859 ஏப்ரல் 8-ந் தேதி அதற்குக் காப்புரிமை பதிவு செய்தார்கள். மெஜந்தாச் சண்டைக்கு இரண்டு மாதம்கூட இல்லை.

நரி வைத்த பெயர்

புதிய சாயத்துக்கு அவர்கள் முதலில் வைத்த பெயர் மெஜந்தா அல்ல. 'ஃபுக்சின்'.

ஃபுக்சியா என்று ஒரு பூச்செடி உண்டு. குளிர்ந்த மலை ஊர்த் தோட்டங்களில் ஜிமிக்கி மாதிரித் தலைகீழாகத் தொங்கும். அந்தப் பூவின் நிறமும் சாயத்தின் நிறமும் ஒன்றுபோல் இருந்தன. செடிக்கு அந்தப் பெயரை வைத்தவர் பிரான்சுக்காரரான பாதிரியார் ஒருவர். ஜெர்மனியில் வாழ்ந்த மூலிகை வைத்தியர் ஃபூக்ஸ் என்பவரின் நினைவாக வைத்தார்.

இதில் ஒரு வேடிக்கை. ஜெர்மன் மொழியில் ஃபூக்ஸ் என்றால் நரி. பிரெஞ்சு மொழியில் ரெனார் என்றாலும் நரிதான்! ஆகவே ரெனார் சகோதரர்கள் பூவைச் சாக்காக வைத்துத் தங்கள் பெயரையே சாயத்துக்குள் நுழைத்துவிட்டார்கள் என்று சொல்லுவது உண்டு. நரிக்குச் சொல்லியா கொடுக்க வேண்டும்?

ஆனால் அந்தப் பெயர் மக்கள் வாயில் நிற்கவில்லை. மெஜந்தா வெற்றிதான் அப்போது ஊரெங்கும் பேச்சு. சீமாட்டிகளுக்குப் புதுத் துணியும் வேண்டும், அதற்குப் புதுப் பெயரும் வேண்டும். 1860 வாக்கில் வியாபாரிகள் சாயத்தை 'மெஜந்தா' என்று விற்கத் தொடங்கினார்கள். அதை ஒட்டிய இன்னொரு சாயத்துக்கு 'சால்பெரினோ' என்றே பெயர் வைத்தார்கள். துனான் தூக்கம் இழந்த அதே சால்பெரினோ!

போர்க்களத்தில் ஓடிய ரத்தத்தின் நிறத்தைப் பார்த்துத்தான் அப்படிப் பெயர் வைத்தார்கள் என்று கதை கட்டுவோர் உண்டு. எனக்கு அது சரியாகப் படவில்லை. ரத்தம் இந்த நிறத்தில் இருக்காது. காய்ந்தால் பழுப்பாகிவிடும். பெயர் வைத்தவர்கள் நினைத்தது ரத்தத்தை அல்ல, விற்பனையை. இன்று கிரிக்கெட் வீரர் பெயரில் சட்டை விற்பது மாதிரி அன்று சண்டையின் பெயரில் சாயம் விற்றார்கள். எனக்கு இதுதான் அதிக வருத்தம் தருகிறது.

கோர்ட்டு ஏறிய நிறம்

சாயம் சக்கைப்போடு போட்டது. உடனே வழக்குகளும் வந்தன.

பிரான்சு நாட்டுச் சட்டத்தில், ஒரு பொருளுக்குக் காப்புரிமை வாங்கிவிட்டால், வேறு யாரும் வேறு எந்த முறையிலும் அந்தப் பொருளைச் செய்யக்கூடாது. மற்றவர்கள் வேறு வழி கண்டுபிடித்தார்கள். வெள்ளீய உப்புக்குப் பதில் வேறு சரக்கைச் சேர்த்தார்கள். பயன் இல்லை. அது ரெனார் சகோதரர்களின் சாயம்தான் என்று கோர்ட்டு சொல்லிவிட்டது. போட்டியாளர்கள் பலர் மூட்டை கட்டிக்கொண்டு சுவிட்சர்லாந்தில் உள்ள பாசல் நகருக்குப் போய்விட்டார்கள். அங்கே அப்போது காப்புரிமைச் சட்டமே இல்லை. பாசல் பின்னாளில் சாயத்துக்கும் மருந்துக்கும் உலகப் புகழ் பெற்றது. அதற்கு இந்தச் சண்டையும் ஒரு காரணம்.

1863-ல் ரெனார் சகோதரர்களின் தொழில் ஒரு பெரிய கம்பெனி ஆயிற்று. வங்கி பணம் போட்டது. போட்டி இல்லை, இனிக் கவலை இல்லை என்று நினைத்தார்கள். சில ஆண்டுகளில் கம்பெனி நொடித்தது!

இங்கிலாந்தில் நடந்தது இன்னும் சுவையானது. அங்கே மெட்லாக் என்பவர் 1860-ல் ஆர்சனிக் அமிலம் சேர்த்து மெஜந்தா செய்யும் முறைக்குக் காப்புரிமை வாங்கி இருந்தார். அந்த உரிமையை வைத்திருந்த கம்பெனி, தன் முறையைத் திருடியதாக இன்னொரு சாய வியாபாரி மீது வழக்குப் போட்டது. வழக்கு மேலே மேலே போய், 1866-ல் பிரபுக்கள் சபைக்கே வந்தது. தீர்ப்பு என்ன? காப்புரிமையே செல்லாது! ஏன்? கலவையைச் சும்மா வைத்தாலும் சாயம் வரும், சூடாக்கினால் சீக்கிரம் வரும் என்ற பொருள்பட அதில் எழுதி இருந்தது. சூடாக்காமல் சாயம் வராது. பத்திரத்தில் ஒரு வரி தவறாக எழுதியதால் ஒரு நிறமே கைவிட்டுப் போயிற்று.

பத்திரம் எழுதுகிறவர்கள் கவனிக்க!

கிணற்றில் கலந்த விஷம்

ஆர்சனிக் என்றேன் அல்லவா? நம் ஊரில் பாஷாணம் என்பார்களே, அந்த இனம்தான். கடும் விஷம்.

மெஜந்தா செய்யும் ஆலைகளில் அதை டன் கணக்கில் கொட்டினார்கள். சாயம் எடுத்தபின் மிஞ்சிய கழிவை ஆற்றிலும் பள்ளத்திலும் விட்டார்கள். 1860-களில் பாசல் நகரில் ஓர் ஆலைக்கு அருகே குடியிருந்தவர்கள் நோயில் விழுந்தார்கள். பார்த்தால், கிணற்றுத் தண்ணீரில் ஆர்சனிக்! கோர்ட்டு ஆலைக்காரரைத் தண்டித்தது. நஷ்டஈடும் கொடுக்க நேர்ந்தது.

கிணற்றில் இருந்தது சோதனையில் தெரிந்துவிட்டது. தொழிலாளியின் உடம்பில் இருந்தது தெரிய 35 ஆண்டு ஆயிற்று.

1895-ல் ஜெர்மனியில் பிராங்பர்ட் நகரில் லுட்விக் ரேன் என்ற அறுவை வைத்தியர் ஒரு விஷயத்தைக் கவனித்தார். சிறுநீர்ப்பையில் புற்றுநோய் வந்தவர்கள் சிலர் அவரிடம் வந்தார்கள். என்ன வேலை என்று கேட்டார். மெஜந்தாச் சாயம் காய்ச்சும் வேலை. அந்த வேலையில் இருந்தவர்கள் 45 பேர். அவர்களில் 3 பேருக்கு அந்த அபூர்வமான நோய்! இது தற்செயல் அல்ல என்று அவர் டாக்டர்கள் கூட்டத்தில் எடுத்துச் சொன்னார்.

உடனே எல்லோரும் ஒப்புக்கொண்டு விடவில்லை. அப்படி ஒப்புக்கொண்டால் ஆலை என்ன ஆவது? ஆனால் ரேன் சொன்னதே உண்மை ஆயிற்று. மெஜந்தா தயாரிக்கும் தொழில் மனிதருக்குப் புற்றுநோய் தரும் என்று உலகப் புற்றுநோய் ஆராய்ச்சி நிறுவனம் பிற்காலத்தில் பட்டியலில் சேர்த்தது.

பெண்கள் பயப்பட வேண்டாம். இன்று கடையில் மெஜந்தா என்று விற்கும் சேலைக்குப் போடுவது பெரும்பாலும் வேறு சாயம். பழைய பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பத்திரிகை அச்சாகும் மையும் வேறு சரக்கு.

நம் சாயவேரின் கதையையும் இங்கே சொல்லிவிட வேண்டும். மெஜந்தாவை அடுத்து, பத்து ஆண்டுக்குள், மஞ்சிட்டிச் சிவப்பையும் தாரிலிருந்தே எடுத்துவிட்டார்கள். மலிவான சாயம் கப்பலில் வந்து இறங்கியது. கடற்கரை மணலில் சாயவேர் தோண்டிப் பிழைத்த குடும்பங்களின் தொழில் படுத்துவிட்டது.

சளியில் தெரியும் சிவப்புக் கோடு

இவ்வளவு கெடுதல் செய்த சாயம் ஒரு பெரிய நன்மையும் செய்தது.

1882-ம் ஆண்டு மார்ச் 24-ந் தேதி, காசநோயை உண்டாக்கும் கிருமியைத் தாம் கண்டுவிட்டதாக ராபர்ட் கோக் என்ற ஜெர்மன் விஞ்ஞானி அறிவித்தார். கண்டுவிட்டாரே தவிர, மற்ற டாக்டர்களும் அதைச் சுலபமாகக் காண வேண்டுமே! அந்தக் கிருமிக்கு மெழுகு பூசினாற்போல் ஒரு தோல். எந்தச் சாயமும் லேசில் ஏறாது.

மெஜந்தா ஏறியது. ஃபுக்சின் என்ற பழைய பெயரில் ஆராய்ச்சிச்சாலைக்குள் போயிருந்த அதே சாயம்தான். சீல், நீல்சன் என்ற இரு ஜெர்மானியர்கள் பக்குவப்படுத்திய முறை இது: நோயாளியின் சளியைக் கண்ணாடித் தகட்டில் தடவ வேண்டும். கார்பாலிக் கலந்த ஃபுக்சினை மேலே ஊற்றி, ஆவி வரும்வரை சூடு காட்ட வேண்டும். பிறகு அமிலத்தால் கழுவ வேண்டும். மற்றக் கிருமிகளின் நிறம் போய்விடும். காசநோய்க் கிருமி மட்டும் விடாது. அடுத்து நீலச் சாயம் ஊற்றிப் பூதக்கண்ணாடிக் கருவியில் பார்த்தால், நீலத் தரையில் சின்னச் சின்னச் சிவப்புக் கோடுகள் தெரியும். அதுதான் காசநோய்.

இதற்கு மின்சாரம்கூடத் தேவை இல்லை. ஒரு கருவி, ஒரு சாராய விளக்கு, இரண்டு சாயப் புட்டி, பொறுமை உள்ள ஓர் ஆள் போதும். இந்தியாவில் 1962-ல் தேசிய காசநோய்த் திட்டம் தொடங்கியபோது, எக்ஸ்ரே இல்லாத சிறு ஆஸ்பத்திரிகளிலும் நோயைக் கண்டுபிடிக்க முடிந்தது இந்த முறையால்தான். வேகமான புதுச் சோதனைகள் இன்று வந்துவிட்டன. ஆனாலும் பழைய சிவப்புச் சாயம் ஓய்வு பெற்றுவிடவில்லை. "உங்களுக்குக் கிருமி இல்லை" என்ற சொல்லுக்காக ஆஸ்பத்திரி வாசலில் காத்திருந்தவர்கள் நம் குடும்பங்களில் எத்தனை பேர்! உள்ளே ஒருவர் தேடியது இந்த நிறத்தைத்தான்.

வானவில்லில் இல்லாத நிறம்

இனி ஓர் அதிசயம். வானவில்லில் மெஜந்தாவைத் தேடுங்கள். கிடைக்காது!

வானவில்லின் ஒரு கரையில் சிவப்பு. மறு கரையில் ஊதா. இரண்டும் தொடுவதே இல்லை. மெஜந்தாவோ சிவப்பும் ஊதாவும் கை கோக்கும் இடம். ஆகவே அதற்கு வானவில்லில் இடம் இல்லை. நியூட்டன் 1704-ல் வெளியிட்ட நூலில் வானவில்லின் நிறங்களை வளைத்து ஒரு சக்கரமாக வரைந்தார். சிவப்பும் ஊதாவும் பக்கத்தில் பக்கத்தில் வந்தன. மெஜந்தா குடியிருப்பது அந்தச் சந்தில்தான்.

வானவில்லில் இல்லாததை நாம் எப்படிப் பார்க்கிறோம்? நம் கண்ணுக்குள் நிறம் அறியும் நுண்ணிய உறுப்புகள் மூன்று வகை உண்டு. ஒரு வகை சிவப்புப் பக்கத்து ஒளிக்கும், ஒரு வகை பச்சைக்கும், ஒரு வகை நீலத்துக்கும் அதிகமாகத் துடிக்கும். சிவப்பு வகையும் நீல வகையும் துடித்து, பச்சை வகை சும்மா இருந்தால், மூளை அதை மெஜந்தா என்று காட்டுகிறது.

வீட்டிலேயே சோதித்துப் பார்க்கலாம். குழந்தைகளையும் கூப்பிட்டுக்கொள்ளுங்கள். நல்ல பச்சைக் காகிதம் ஒன்றை வெளிச்சத்தில் வைத்து, கண்ணை அசைக்காமல் அரை நிமிடம் பாருங்கள். பிறகு சட்டென்று வெள்ளைச் சுவரைப் பாருங்கள். சுவரில் ரோஜா நிறத்தில் ஒரு நிழல் மிதக்கும். பச்சை வகை களைத்துப் போனதால், மற்ற இரண்டும் சேர்ந்து போடும் படம் அது. சாயமும் இல்லை, ஆலையும் இல்லை. உங்கள் கண்ணே காய்ச்சிய மெஜந்தா!

எது மெஜந்தா?

அப்படியானால் எங்கள் வீட்டு வழக்குக்கு என்ன தீர்ப்பு?

உண்மையில் மெஜந்தா என்ற பெயரில் இன்று மூன்று நிறங்கள் உலவுகின்றன.

லியோனில் பிறந்த பழைய சாயத்தின் நிறம் ஒன்று. ஊதா அதிகம் கலந்த அழுத்தமான சிவப்பு.

அச்சகத்து மெஜந்தா இரண்டாவது. அதில் ரோஜாச் சிவப்பு தூக்கலாக இருக்கும். பத்திரிகை ஓரத்துப் புள்ளி இதுதான். கலர்ப் படம் அச்சிடும்போது சிவப்பு என்று தனியாக மை கிடையாது. மஞ்சளின் மேல் மெஜந்தாவை ஏற்றித்தான் சிவப்பு ஆக்குகிறார்கள். படத்தில் இருக்கும் பெண்ணின் நெற்றிக் குங்குமத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள். மெஜந்தாப் புள்ளியும் மஞ்சள் புள்ளியும் நெருங்கி இருப்பது தெரியும்.

மூன்றாவது கம்ப்யூட்டரும் செல்போனும் காட்டுவது. சிவப்பு ஒளியை முழுக்க விட்டு, நீல ஒளியையும் முழுக்க விட்டு, பச்சையை அடியோடு அணைத்தால் வருவது. கண் கூசும். அதற்குக் கம்ப்யூட்டர்காரர்கள் இரண்டு பெயர் வைத்திருக்கிறார்கள். ஒன்று மெஜந்தா. இன்னொன்று ஃபுக்சியா. நரி இன்னும் போகவில்லை!

இந்தப் பெயர்க் குழப்பத்தைத் தீர்க்கப் பலர் முயன்றிருக்கிறார்கள். அமெரிக்காவில் பாஸ்டன் நகரில் ஆல்பர்ட் மன்செல் என்று ஓர் ஓவிய ஆசிரியர். பூவின் பெயரையும் ஊரின் பெயரையும் நிறத்துக்கு வைப்பது அவருக்குப் பிடிக்கவில்லை. 1905-ல் ஒரு நூல் எழுதினார். எந்த நிறமானாலும் மூன்று கேள்வி கேட்டால் போதும் என்றார். எந்த வகை நிறம்? வெளிறியதா, இருண்டதா? அழுத்தமா, சாம்பல் பூத்ததா? இந்த மூன்றுக்கும் குறி போட்டால் நிறம் அகப்பட்டுவிடும். 1930-ல் அமெரிக்காவில் வந்த ஒரு நிற அகராதியில் 7,056 நிறச் சதுரங்கள் இருந்தன. அத்தனைக்கும் பெயர் கிடைக்கவில்லை. பெயர் இல்லாத சதுரங்களை வெறுமனே விட்டுவிட்டார்கள்.

நிறத்துக்குச் சொந்தம் கொண்டாடுவதும் ஓயவில்லை. ஜெர்மனியின் பெரிய டெலிபோன் கம்பெனி ஒன்று, ஒரு வகை மெஜந்தாவைத் தன் வியாபார அடையாளமாகப் பதிந்து வைத்திருக்கிறது. மற்றக் கம்பெனிகள் அந்த நிறத்தைத் தொட்டால் வக்கீல் நோட்டீசு வரும். சேலைக்கு அந்தத் தொல்லை இல்லை என்பது ஓர் ஆறுதல்.

மன்செல் சொன்ன மூன்று கேள்வியை நான் ஜவுளிக் கடையில் சோதித்துப் பார்த்தேன். மனைவியின் சேலைக்கு ரவிக்கைத் துணி வாங்க வேண்டி இருந்தது. "மெஜந்தா" என்றதும் கடைப் பையன் ஐந்து துணி எடுத்துப் போட்டான். ஐந்தும் ஐந்து விதம். "சிவப்பிலே ஊதா கொஞ்சம்தான் இருக்கணும்" என்றேன். மூன்று துணி உள்ளே போயிற்று. "வெளிறக் கூடாது" என்றேன். இரண்டில் ஒன்று போயிற்று. மிஞ்சிய துணியைச் சேலையின் மேல் வைத்தேன். அச்சாகப் பொருந்தியது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மனைவி ஒன்றும் பேசாமல் இரண்டையும் எடுத்துக்கொண்டு கடை வாசலுக்குப் போனாள். வெயிலில் விரித்துப் பார்த்தாள். சேலை ஒரு நிறம், துணி ஒரு நிறம்!

கடை விளக்கு செய்த மாயம் அது. விளக்குக்கு விளக்கு ஒளியில் சிவப்பும் நீலமும் கலந்திருக்கும் அளவு மாறும். அந்த இரண்டிலும் பிழைக்கும் மெஜந்தா, விளக்கு மாறினால் தானும் மாறிவிடும். ஆகவே இந்த நிறத்தில் துணி எடுக்கிறவர்கள் மாலையில் போகாதீர்கள். பகலில் போய், வாசல் வெளிச்சத்தில் பார்த்து எடுங்கள்.

இரண்டாவது தடவை என் தாயார் போனார். "ராணி கலர் கொடு தம்பி" என்றார். சேலைத் தலைப்பைக் காட்டினார். இரண்டு நிமிடத்தில் வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். பொருந்தியது.